தணிக்கையும் மூலபாடமும்

ஒரு நூலின் மூலபாடத்தைத் துணியும் பணியில் ஈடுபட்டோர் பலவகைச் சிதைவுகளை அறிவர். ஏட்டின் ஓரம் முறிந்து சொற்கள் அழிதலும், செல்லரித்தலும், படியெடுப்போன் கண் ஒரு வரியினின்று அதனை ஒத்த மற்றொரு வரிக்குத் தாவுதலும், பொருள் விளங்காச் சொல்லை விளங்கிய சொல்லாக அவன் மாற்றிவிடுதலும் நமக்குப் பழகிய செய்திகள். இவை தற்செயலாகவோ அறியாமையாலோ நிகழ்வன. ஆதலின் இவற்றுக்குத் தடயம் உண்டு. யாப்புப் பிறழும், தொடர் முட்டும், எண்ணிச் சொன்னவற்றுள் ஒன்று குறையும். அவ்வழியே பதிப்பாசிரியர் சிதைவை உணர்வர். அறிந்தே செய்யப்படும் சிதைவு ஒன்றும் உண்டு. அரசின் ஆணையால் ஒரு பகுதி நீக்கப்பட்டு, நீக்கிய இடம் தெரியாதவாறு இருபுறமும் பொருத்தப்பட்டு, நல்ல தாளில் அழகிய அச்சில் நூல் வெளிவருவது அது. அங்கே யாப்பும் பிறழாது, தொடரும் முட்டாது. தணிக்கையை அரசியற் பொருளாக மட்டும் கருதும் வழக்கம் நம்மிடை உண்டு. அது பாடவரலாற்றின் பொருளுமாகும் என்பதனை இக்கட்டுரையில் விளக்கக் கருதுகின்றோம்.

தணிக்கை ஒரு நாட்டிற்கோ ஓர் ஆட்சிமுறைக்கோ மட்டும் உரியதன்று. உரோமைத் திருச்சபை 1559இல் வெளியிட்ட விலக்குநூற் பட்டியல் 1966 வரை வழக்கில் இருந்தது. இங்கிலாந்தில் அச்சிடுமுன் உரிமம் பெறவேண்டும் என்னும் சட்டம் 1695இல் வழக்கொழிந்தது. ஆயினும் நாடகங்களை அரண்மனை அதிகாரி ஒருவர் படித்து இசைவளிக்கும் முறை 1968 வரை நீடித்தது. இந்தியாவில் 1878இல் தாய்மொழி இதழ்களுக்கு மட்டும் உரியதாக ஓர் அடக்குமுறைச் சட்டம் இயற்றப்பட்டது. ஆங்கில இதழ்கள் அதற்கு உட்பட்டில. இவ்வாறு உலகெங்கும் சான்றுகள் கிடைப்பினும் யாம் சோவியத்து உருசியாவின் சான்றையே எடுத்துக்கொள்கின்றோம். அங்கே முன்தணிக்கை ஏறத்தாழ எழுபதாண்டுகள் இடையறாது, எழுத்து முழுவதையும் தழுவி நிகழ்ந்தது; பின்னர் ஆவணக்காப்பகங்கள் ஓரளவு திறக்கப்பட்டமையால், வெட்டிய பாடத்தையும் வெட்டாத பாடத்தையும் அருகருகே வைத்து ஒப்புநோக்க இயலுகின்றது. இன்னொரு காரணமும் உண்டு. உருசிய இலக்கியத்தின் பெரும்பகுதி தமிழர் கைக்கு வந்தது மாஸ்கோவின் முன்னேற்றப் பதிப்பகத்தின் வாயிலாக. டால்ஸ்டாயையும் கார்க்கியையும் ஐத்மாத்தவையும் குறைந்த விலையில், கெட்டிக் கட்டடத்தில் நாம் வாங்கிப் படித்தோம். அந்நன்றியை மறத்தல் ஆகாது. அதே ஆண்டுகளில் அதே மொழியில் தோன்றி நமக்கு வாராது நின்ற நூல்கள் எவை, அவை ஏன் வரவில்லை என்று வினவுவதும் நன்றி மறத்தலாகாது.

புரட்சிக்கு முன்னரே உருசியாவில் தணிக்கை வேரூன்றி இருந்தது. 1826இல் முதலாம் நிக்கலஸ் மன்னர் புஷ்கினை அழைத்து, இனித் தாமே அவர்தம் தணிக்கையாளராக இருப்பதாகக் கூறினார். பெருமை போலத் தோன்றிய இவ்வேற்பாட்டின் பயனை 'வெண்கலக் குதிரைவீரன்' என்னும் காப்பியத்தின் வரலாறு காட்டும். 1833இல் எழுதப்பெற்ற அந்நூலில் மன்னர் பல இடங்களில் குறியிட்டார். புஷ்கின் அவற்றை மாற்ற மனமின்றி முன்னுரைப் பகுதியை மட்டும் வெளியிட்டு நூலைக் கட்டிவைத்தார். அவர் இறந்த 1837ஆம் ஆண்டில் நண்பர் ஷுக்கோவ்ஸ்கி தம் கையாலேயே சில இடங்களைத் திருத்தி அதனை வெளியிட்டார். கவிஞர் எழுதியவாறே பாடம் வெளிவருதற்குப் பல்லாண்டுகள் ஆயின. அன்பினால் திருத்தியவர் கையும் தணிக்கையின் கையே என்பது இங்கு நோக்கத்தக்கது. அந்நூற்றாண்டின் அங்கத எழுத்தாளரான சல்திக்கோவ் ஷெத்ரின், நேரே கூறவியலாததைக் கதைபோலவும் உவமை போலவும் கூறும் நடைக்கு 'ஈசாப்பு மொழி' எனப் பெயரிட்டார். அச்சொல் இன்றும் உருசியத் திறனாய்வில் வழங்குகின்றது.

1905ஆம் ஆண்டுக் கிளர்ச்சியைத் தொடர்ந்து முன்தணிக்கை பெரும்பாலும் நீங்கியது. 1917இல் ஆட்சியைக் கைக்கொண்ட போல்ஷவிக்கர் சில நாட்களுக்குள்ளேயே பத்திரிகை ஆணை ஒன்றை வெளியிட்டு எதிர்க்கட்சி இதழ்களை மூடும் உரிமையைப் பெற்றனர். அவ்வாணை தற்காலிகமானது, நிலைமை சீரானதும் நீக்கப்படும் என்று அதிலேயே எழுதப்பட்டிருந்தது. நீங்குதற்கு மாறாக, 1922 சூன் 6இல் இலக்கிய, வெளியீட்டுத் துறை முதன்மை ஆட்சியகம் என்னும் நிலையான அலுவலகம் தோன்றியது. 'கிளாவ்லித்' என்னும் சுருக்கப் பெயரால் அது அறியப்படும். பிற்காலத்தில் அதன் முழுப்பெயர் பன்முறை மாறிற்று. சுருக்கப் பெயரோ மாறவில்லை.

இவ்வலுவலகம் இயங்கிய முறையைச் சற்று விரித்துரைத்தல் வேண்டும். நூலாசிரியர் தணிக்கையாளரை ஒருபோதும் காண்பதில்லை. நூல் முதலில் பதிப்பகத்தின் ஆசிரியரிடம் செல்லும். அவர் தம் பதவியைக் கருதி வேண்டிய மாற்றங்களை ஆசிரியரிடம் கூறுவார்; அரசு விரும்பவில்லை என்று கூறார், கதைமாந்தர் உயிர்ப்பின்றி உள்ளனர், இப்பகுதி நீள்கின்றது என்பனபோல் இலக்கியக் காரணங்களே கூறுவார். பின்னரே படி கிளாவ்லித்துக்குச் செல்லும். அங்கே 'பட்டியல்' எனப்பட்ட ஒரு தொகுப்பு இருந்தது. திறந்த வெளியீடுகளில் கூறலாகாத செய்திகள் அனைத்தும் அதில் தொகுக்கப்பட்டிருந்தன. அப்பட்டியலே மறைபொருளாதலின் எதைக் கூறலாகாது என்பதையும் எழுத்தாளர் அறியார். அறியாதவர் ஐயமுள்ள இடமெல்லாம் அஞ்சுவார் அல்லரோ? தணிக்கையாளர் சிலரைக் கொண்டு நாடு முழுதும் எழுதுவோரை அடக்கியது இவ்வறியாமையே என்பது எம் கருத்து.

இசைவு பெற்ற நூலின் இறுதிப் பக்கத்தில் அச்சுக்கோப்புக்குத் தந்த நாளும், அச்சிட ஒப்பமிட்ட நாளும், படிகளின் எண்ணிக்கையும், ஓர் எழுத்தும் எண்களுமாக அமைந்த குறியீடு ஒன்றும் காணப்படும். அக்குறியீடே தணிக்கையாளர் இசைவின் அடையாளம். பெயரில்லை, முத்திரையில்லை, விலைக்குறிப்பை ஒத்த சிறு குறி. பழைய சோவியத்து நூல்களைக் கையாளும் ஆய்வாளர் இப்பக்கத்தை முதலில் நோக்குதல் நன்று. கோப்புக்குத் தந்த நாளுக்கும் ஒப்பமிட்ட நாளுக்கும் இடையே வழக்கத்திற்கு மீறிய காலம் கழிந்திருப்பின் அங்கே ஏதோ நிகழ்ந்தது என்று ஐயுறலாம். சுவடியின் இறுதியில் எழுதினோன் பெயரையும் ஆண்டையும் தேடிப் பழகிய நமக்கு இம்முறை புதிதன்று.

வெளிவந்த பின்னும் நூல் தணிக்கைக்குத் தப்பவில்லை. வீழ்ந்தவர் நூல்களும், அவர்க்கு முன்னுரை வழங்கிய நூல்களும் நூலகங்களினின்று எடுக்கப்பட்டுத் தனிவைப்பு எனப்பட்ட பூட்டிய அறைகளுக்குச் சென்றன. சிறப்பு இசைவுடையோரே அவற்றை நோக்கலாம். இதில் நகைக்கத்தக்கதும் நடுங்கத்தக்கதுமான நிகழ்ச்சி ஒன்று உண்டு. சோவியத்துப் பெருங்கலைக்களஞ்சியத்தின் இரண்டாம் பதிப்பில் ஐந்தாம் தொகுதி 1950இல் வெளிவந்தது. அதில் மறைகாவல் துறைத் தலைவர் பேரியாவைப் பற்றிய நீண்ட கட்டுரையும் முழுப்பக்கப் படமும் இருந்தன. 1953இல் பேரியா வீழ்ந்து கொல்லப்பட்டார். தொகுதியோ முன்னரே வாங்கினோர் வீடுகளில் இருந்தது. 1954இல் அவர்கட்கு ஓர் உறை வந்தது. குறித்த பக்கங்களைக் கத்தரிக்கோலாலோ சவரக் கத்தியாலோ வெட்டியெடுத்து, உடன் அனுப்பிய பக்கங்களை அவ்விடத்தில் ஒட்டிக்கொள்ளுமாறு அறிவுரையும் இருந்தது. அகரவரிசை கெடாமல் அவ்விடத்தை நிரப்ப வேண்டுமன்றோ? பெரிங் கடல் பற்றிய படங்களும் செய்திகளும் அதற்கெனப் பெருகின. ஒரு மனிதன் இருந்த இடத்தில் ஒரு கடல் வந்து நின்றது. கத்தரிக்கோலைப் படிப்போன் கையிலேயே கொடுத்த தணிக்கை இதனினும் வேறொன்றை யாம் அறியோம்.

இனி ஆசிரியர் தம் கையாலேயே தம் நூலைத் திருத்திய நிலையைக் காண்போம். பாட ஆராய்ச்சியில் மிகக் கடினமானது இதுவே. அலெக்சாண்டர் பதேயவ் 1946இல் வெளியிட்ட 'இளங்காவலர்' என்னும் புதினம், செருமானியர் பிடியிலிருந்த கிராஸ்னதோன் என்னும் சுரங்க ஊரில் போராடிய இளைஞரைப் பற்றியது. முதலில் பெரும் பாராட்டும் பரிசும் பெற்றது. பின்னர்க் கட்சியின் வழிகாட்டல் அதில் போதிய அளவு காட்டப்படவில்லை என்ற கண்டனம் எழுந்தது. பதேயவ் ஆண்டுகள் சில உழைத்துப் புதிய மாந்தரையும் நிகழ்ச்சிகளையும் சேர்த்து 1951இல் திருத்திய பதிப்பை வெளியிட்டார். ஆசிரியர் இறுதியாகத் திருத்திய பாடமே கொள்ளத்தக்கது என்பது பதிப்பியலில் பலர் கொள்ளும் நெறி. இந்நூலில் அந்நெறியைக் கொள்ளலாமா? கை ஆசிரியருடையதே, கருத்து எவருடையது? பதேயவ் எழுத்தாளர் சங்கத்தின் தலைமையிலும் இருந்தவர். பிறர் நூல்கள் தடைப்பட்டபோது ஒப்பமிட்டவர்களுள் ஒருவர். 1956 மே மாதம் தம்மைத் தாமே சுட்டு மாய்ந்தார். இலக்கியத்தை ஆட்சியாளர் அழித்தனர் என்று அவர் விட்டுச்சென்ற கடிதம் 1990 வரை காப்பகத்தில் மறைந்து கிடந்தது. அவரை எளிதில் பழிக்கவும் இயலவில்லை, போற்றவும் இயலவில்லை.

எழுதாமற் காத்தல் என்பது மற்றொரு வழி. ஒசிப் மண்டெல்ஸ்டாம் 1933இல் ஸ்டாலினைப் பற்றிச் சிறு பாட்டொன்றை இயற்றித் தாளில் எழுதாமல் நண்பர் சிலர்க்கு வாயாற் சொன்னார். 1934 மே மாதம் சிறைப்பட்டார். விசாரணையாளர் முன்னர்த் தம் கையாலேயே அப்பாட்டை எழுதிக் கொடுத்தார். கவிஞர் கையெழுத்தில் அப்பாட்டு நிலைத்தது சிறைக் கோப்பில்தான். ஈண்டு பாடவேறுபாடு பற்றிய செய்தி ஒன்று உண்டு. விசாரணையாளரிடம் இருந்த படி பாட்டின் முந்தைய வடிவம். அதனை அறிந்த கவிஞரின் மனைவி நதேழ்தா, முந்தைய வடிவத்தைக் கேட்டவர் எவர், குறித்துக்கொண்டவர் எவர் என்று தம் நினைவுக்குறிப்பு நூலில் ஆராய்கின்றார். படிகளின் கிளைவழியை நாம் நூலின் மூலத்தைக் காணுதற்குத் தேடுவோம். அவ்வம்மையார் தம் கணவரைக் காட்டிக்கொடுத்த வழியைக் காணுதற்குத் தேடவேண்டியிருந்தது.

மண்டெல்ஸ்டாம் 1938 திசம்பரில் விளாதிவஸ்தோக்கு அருகே ஒரு முகாமில் இறந்தார். அவர்தம் பிற்காலப் பாடல்கள் பல நதேழ்தாவின் நினைவில் வாழ்ந்தன. ஸ்துருனினோ என்னும் ஊரின் ஆலையில் இரவுப்பணி செய்தபொழுது பொறிகளுக்கு இடையே ஓடியாடிக்கொண்டே அப்பாடல்களை முணுமுணுத்து ஓதிவந்ததாக அவர் எழுதுகின்றார். அன்னா அக்மாத்தவாவின் 'இரங்கற்பா' என்னும் தொடர்ச்செய்யுளும் இவ்வாறு காக்கப்பட்டதே. மகன் சிறைப்பட, லெனின்கிராடு சிறைவாயிலில் மாதக்கணக்காக வரிசையில் நின்ற தாய் ஒருத்தியின் பாடல் அது. பெரும்பகுதி 1935க்கும் 1940க்கும் இடையே இயற்றப்பட்டது. அவர் தம் அறையில் ஒற்றுக் கேட்கப்படும் என்று அஞ்சினார். ஆதலின் தோழி லிதியா சுக்கோவ்ஸ்கயா வரும்பொழுது, தேநீரைப் பற்றியோ பருவநிலையைப் பற்றியோ உரக்கப் பேசிக்கொண்டே சிறு தாளில் சில வரிகளை எழுதி நீட்டுவார். தோழி மனத்துட் கொண்டு திருப்பித் தருவார். தாள் சாம்பற்கிண்ணத்தில் எரியும். அப்பாடலைப் பதினொருவர் நெஞ்சில் வைத்திருந்தனர் என்றும், அவருள் ஒருவரும் காட்டிக்கொடுத்திலர் என்றும் அக்மாத்தவா பின்னாளில் கூறியதுண்டு. 1962இல்தான் முழுதும் தட்டச்சேறியது. 1963இல் ஆசிரியரின் இசைவின்றியே மியூனிக்கில் அச்சாயிற்று. உருசிய நாட்டில் 1987இல் வெளிவந்தபோது அவர் இறந்து இருபத்தோராண்டுகள் கழிந்திருந்தன.

வாய்மொழியாகக் காத்தலை நாம் தொன்மைக்கு உரியதாக, எழுத்தறியாக் காலத்தின் வழக்கமாகக் கருதுகின்றோம். அச்சும் வானொலியும் பெருகிய நகரத்தில், கல்வியில் சிறந்தோர் இடையே, அச்சத்தின் பொருட்டு அது மீண்டும் தோன்றியது. ஒருவேறுபாடு உண்டு. வாய்மொழி மரபில் பாடம் பாடுவோன்தோறும் நெகிழும். இவர்களோ ஓரெழுத்தும் பிறழலாகாது என்னும் உறுதியோடு காத்தனர். அச்சிட்ட நூலின் மதிப்பை அறிந்தவர் ஆதலின் நினைவையும் அச்சுப்போலவே கையாண்டனர் எனலாம்.

ஸ்டாலின் 1953இல் இறந்தபின் அச்சம் சற்றுத் தணிய, நினைவினின்று தாளுக்குப் பாடல்கள் இறங்கின. 'சமிஸ்தாத்' எனப்பட்ட வழக்கம் இவ்வாறு பரவியது. தானே வெளியிடுதல் என்பது அச்சொல்லின் பொருள். நிக்கலாய் கிளாஸ்கவ் என்னும் கவிஞர் 1940களில் தம் தட்டச்சுப் படிகளின்மேல் பதிப்பகத்தின் பெயர் இருக்கவேண்டிய இடத்தில் விளையாட்டாக எழுதிய சொல்லினின்று இது பிறந்தது. மெல்லிய தாள்களுக்கு இடையே கார்பன் தாள்களைச் செருகி, விசைகளை அழுத்தி அடித்தால் ஒரு முறைக்கு நான்கைந்து படிகள் கிடைக்கும். இறுதிப் படி மங்கலாக இருக்கும். ஒரு படியைப் பெற்றவர் ஓரிரு இரவுக்குள் படித்துத் தரவேண்டும். இயலுமாயின் தாமும் படியெடுத்துப் பரப்பவேண்டும். ஆகவே படிகள் கிளைத்தன. கிளைதோறும் பிழைகள் தோன்றின. மங்கிய எழுத்தைப் படியெடுத்தவர் ஊகித்து நிரப்பினார். பெயரில்லாப் பாடல் ஒன்றுக்குப் புகழ்பெற்ற கவிஞர் பெயர் ஏறியது. இவை யாவும் ஓலைச்சுவடி ஆராய்ந்தோர்க்குக் கைவந்த செய்திகள். அச்சு தோன்றி ஐந்நூறாண்டு கழிந்த பின்னர் ஒரு நாட்டின் இலக்கியம் மீண்டும் படியெடுப்போர் கைக்குத் திரும்பியது.

1968 ஏப்ரலில் தொடங்கி 1983 வரை வெளிவந்த 'நடப்பு நிகழ்ச்சிக் குறிப்பேடு' என்னும் தட்டச்சு இதழ் இக்கிளைவழியையே தன் அமைப்பாகக் கொண்டது. சிறைப்பட்டோர், விசாரணைகள், தேடுதல்கள், தடைப்பட்ட நூல்கள் ஆகியவற்றை நாள், இடம், சட்டப்பிரிவு என்பவற்றோடு உணர்ச்சிச்சொல் ஒன்றுமின்றிப் பதிவுசெய்தது. அதன் முதல் ஆசிரியர் நத்தாலியா கர்பனேவ்ஸ்கயா என்னும் கவிஞர். செய்தி தர விரும்புவோர் யாரிடமிருந்து இதழைப் பெற்றனரோ அவரிடம் கூறவேண்டும். அவர் தமக்குத் தந்தவரிடம் கூறுவார். சங்கிலியை ஒருவர் தாமே முழுதும் தொடர முயலின் ஒற்றர் என்று கருதப்படுவார் என்று அது அறிவித்தது. முந்தைய இதழ்களில் நேர்ந்த பிழைகளைத் திருத்தி வெளியிடும் பகுதியும் அதில் இருந்தது. பிழை திருத்தம் வெளியிட்டமையே அதன் நேர்மைக்குச் சான்று. அரசின் இதழ்களில் அதனை அரிதாகவே காணலாம்.

மிகயீல் புல்காகவின் 'குருவும் மார்கரீத்தாவும்' என்னும் புதினத்தின் வரலாறு பதிப்பாசிரியர்க்குப் பாடமாகத்தக்கது. 1928 அளவில் தொடங்கி, 1930இல் ஒரு வடிவத்தைத் தாமே எரித்து, மீண்டும் எழுதி, 1940 மார்ச்சில் இறக்கும்வரை அவர் அதனைத் திருத்தினார். இறுதியில் கண்ணொளி குன்றவே திருத்தங்களை மனைவி எலேனா செர்கேயவ்னாவிடம் சொல்லி எழுதுவித்தார். அவ்வம்மையார் இருபத்தைந்தாண்டுகளுக்கு மேல் அப்படிகளைக் காத்தார். 'மாஸ்கோ' என்னும் திங்களிதழ் 1966 நவம்பரிலும் 1967 சனவரியிலும் அதனை வெளியிட்டது. ஆனால் ஏறத்தாழ எட்டில் ஒரு பகுதி நீக்கப்பட்டிருந்தது. வெளிநாட்டு நாணயம் வைத்திருப்போரை மேடையில் ஏற்றி ஒப்படைக்கச் செய்யும் கனவுப் பகுதியும், மனிதர் வீட்டினின்று மறைந்துபோதல் பற்றிய குறிப்புகளும் வெட்டுண்டவற்றுள் அடங்கும். ஓரிடத்தும் புள்ளியோ இடைவெளியோ இல்லை. அதன்பின் நடந்ததே வியப்பு. நீக்கிய பகுதிகள் மட்டும், இதழின் எப்பக்கத்தில் எவ்வரிக்குப்பின் சேர்க்கவேண்டும் என்னும் குறிப்போடு, தட்டச்சுப் படிகளாக உலவின. படிப்போர் இதழின் பக்கங்களில் அவற்றை ஒட்டிக்கொண்டனர். அரசு கலைக்களஞ்சியத்தில் வெட்டி ஒட்டச் சொன்னது. மக்களும் ஒட்டினர், வேறு திசையில். 1969இல் பிராங்க்பர்ட்டில் வெளிவந்த பதிப்பு நீக்கப்பட்ட பகுதிகளைச் சாய்வெழுத்தில் அச்சிட்டது. தணிக்கை இன்னின்ன இடத்தில் இவ்வளவு என்பதைக் கண்ணாற் காட்டிய பதிப்பு அது. 1973இல் மாஸ்கோவிலேயே முழுநூல் வெளிவந்தது. 1989இல் லிதியா யானவ்ஸ்கயா மீண்டும் படிகளை ஒப்பிட்டு வேறொரு பாடத்தைத் தந்தார். இவ்விரண்டற்கும் இடையே வேறுபாடுகள் உள்ளன. ஆசிரியர் நூலை அச்சில் காணாது இறந்தமையின் அவ்வழக்கு முற்றும் தீராது. தணிக்கை எடுத்துச்சென்றது எட்டில் ஒரு பகுதியை மட்டுமன்று. தம் நூலைத் தாமே அச்சுப்படியில் திருத்தி இதுவே முடிந்த பாடம் என்று கூறும் உரிமையையும் எடுத்துச்சென்றது.

வசீலி கிராஸ்மனின் 'வாழ்வும் ஊழும்' இன்னும் கொடிய வரலாறுடையது. போர்க்கள நிருபராக ஸ்டாலின்கிராடில் இருந்த அவர், இட்லர் ஆட்சியையும் ஸ்டாலின் ஆட்சியையும் எதிரெதிரே வைத்துக் காட்டிய பெரும் புதினம் அது. 1960இல் ஓர் இதழுக்குத் தந்தார். 1961 பிப்ரவரியில் மறைகாவலர் அவர் வீட்டிற்கு வந்தனர். அவரைச் சிறைசெய்யவில்லை, நூலைச் சிறைசெய்தனர். படிகளையும் குறிப்புகளையும் மட்டுமன்றிக் கார்பன் தாள்களையும், அடித்த எழுத்தின் தடம் இருக்குமென்று தட்டச்சுப் பொறியின் நாடாவையும் எடுத்துச்சென்றனர். தம் நூலுக்கு விடுதலை வேண்டி அவர் குருஷேவுக்குக் கடிதம் எழுதினார். 1962இல் கட்சியின் கொள்கைப் பொறுப்பாளர் சுஸ்லவ் அவரை அழைத்து, இந்நூல் இருநூறு முந்நூறு ஆண்டுகளுக்கு வெளிவரலாகாது என்று கூறினார் என்ப. நூலைப் படித்த ஆட்சியாளர் அதன் ஆயுளை இவ்வளவு நீளமாக மதித்தமை ஒருவகைப் பாராட்டே எனினும், கேட்டவர்க்கு அதனால் ஆவதொன்றில்லை. கிராஸ்மன் 1964இல், தம் நூல் அழிந்தது என்றோ பிழைத்தது என்றோ துணியவியலாத நிலையில் இறந்தார்.

இரண்டு படிகள் பிழைத்திருந்தன. ஒன்று கவிஞர் செம்யோன் லீப்கினிடமும், மற்றொன்று வியச்சஸ்லாவ் லபோதா என்னும் நண்பரிடமும் இருந்தன. லீப்கின் படி 1970களில் நுண்படச் சுருளாக்கப்பட்டது; இயற்பியலறிஞர் சாகரவும் எழுத்தாளர் வய்னோவிச்சும் அதற்குத் துணைநின்றனர். எல்லை கடந்த அச்சுருளைக் கொண்டு 1980இல் சுவிட்சர்லாந்தின் லொசான் நகரில் நூல் வெளிவந்தது. படம் தெளிவில்லாத இடங்களில் பதிப்பாசிரியர் இடைவெளி விட்டனர். ஏட்டில் முறிந்த இடத்தைக் காட்டும் நம் முறை அது. 1988இல் மாஸ்கோ இதழ் ஒன்றில் வெளிவந்தபின், லபோதா குடும்பத்தார் காத்த படி வெளிப்பட்டது. அதன் துணையால் நிறைவான பாடம் அமைந்தது. பறிமுதல் செய்த படிகளோ 2013இல்தான் மறைகாவல் துறையினின்று இலக்கியக் காப்பகத்துக்கு மாற்றப்பட்டன. அறிஞர் கண்ணுக்கு ஐம்பத்திரண்டு ஆண்டுகள் எட்டாமல், நல்ல நிலையில் அவற்றைக் காத்தவர் அவற்றைப் பறித்தவரே. காப்பகவியலார் இதனை எவ்வாறு மதிப்பரோ அறியோம்.

பாஸ்டர்நாக்கின் 'டாக்டர் ஷிவாகோ' பற்றி அறியாதார் இலராதலின் அதனைச் சுருங்கக் கூறுவோம். 1957இல் மிலான் நகரில் இத்தாலிய மொழியில் வெளிவந்தது. 1958இல் நோபெல் பரிசு அறிவிக்கப்பட்டு, நெருக்கடியால் அவர் அதனை மறுத்தார். 1988இல் தாய்நாட்டில் அச்சாயிற்று. உருசிய மொழியில் 1958இல் பிரசல்சு கண்காட்சியில் வழங்கப்பட்ட பதிப்பு அமெரிக்க உளவுத்துறையின் ஏற்பாடு என்பதை 2014இல் வெளியான அத்துறையின் ஆவணங்களே உறுதிசெய்தன. அப்பதிப்பு பிழை மலிந்தது என்று பாஸ்டர்நாக் வருந்தினார். தடைசெய்த அரசுக்கும் பரப்பிய அரசுக்கும் நூலின் பாடம் ஒரு பொருட்டாக இல்லை.

படியெடுத்தவர் பெயர்கள் பெரும்பாலும் மறைந்துபோயின. ஒருவர் பெயரைக் கூறியாகவேண்டும். சோல்செனித்சினின் 'குலாக் தீவுக்கூட்டம்' என்னும் நூலைத் தட்டச்சுச் செய்தோருள் லெனின்கிராடைச் சேர்ந்த எலிசவெத்தா வரன்யான்ஸ்கயா என்னும் முதியவர் ஒருவர். ஆசிரியர் எரித்துவிடச் சொல்லியும், நூல் முற்றும் அழிந்துவிடுமோ என்று அஞ்சி ஒரு படியை மறைத்துவைத்தார். 1973 ஆகஸ்டில் பலநாள் விசாரணைக்குப்பின் அதன் இடத்தைக் கூற நேர்ந்தது. சில நாட்களில் அவர் இறந்து கிடந்தார். அதன்பின்னரே ஆசிரியர் பாரிசில் நூலை வெளியிடச் சொன்னார். திசம்பரில் முதற்பகுதி வெளிவந்தது. 1974 பிப்ரவரியில் நாடுகடத்தப்பட்டார். அவர் நூல்களை எல்லா நூலகங்களினின்றும் நீக்குமாறு கிளாவ்லித் உடனே ஆணையிட்டது. 1962இல் அரசே இசைவளித்து வெளிவந்த 'இவான் தெனிசோவிச்சின் ஒருநாள்' என்னும் கதையும் அவ்வாணைக்குத் தப்பவில்லை.

1990 சூனில் நிறைவேறிய பத்திரிகைச் சட்டம் முன்தணிக்கையை ஒழித்தது. 1993ஆம் ஆண்டு உருசிய அரசியலமைப்பின் 29ஆம் பிரிவு தணிக்கை கூடாதென வெளிப்படையாகவே கூறுகின்றது. அப்பிரிவு நீக்கப்படாமலேயே நிலைமை மாறியது. சமிஸ்தாத் படிகளையும் சிறை ஆவணங்களையும் தொகுத்த 'மெமோரியல்' என்னும் கழகத்தைக் கலைக்குமாறு உச்சநீதிமன்றம் 2021 திசம்பரில் ஆணையிட்டது. 2022 மார்ச்சில், படையினரைப் பற்றிப் பொய்ச்செய்தி பரப்புவோர்க்குப் பதினைந்தாண்டு வரை சிறை என்னும் சட்டம் வந்தது. மாஸ்கோவில் மயக்கோவ்ஸ்கி சிலையருகே 1958 முதல் இளைஞர் கூடிக் கவிதை படித்தனர். 1961இல் அவருட் சிலர் சிறைப்பட்டனர். அதே சிலையருகே 2022 செப்டம்பரில் போரை எதிர்த்துக் கவிதை படித்த ஆர்த்தியோம் கமார்தினுக்கு 2023 திசம்பரில் ஏழாண்டுச் சிறை விதிக்கப்பட்டது.

முன்தணிக்கை அலுவலகம் இன்றி நிகழும் இப்புதுமுறையில் எதனை வெளியிடலாகாது என்று பதிப்பகத்தாரே ஊகித்துக்கொள்ள வேண்டியுள்ளது. 2024இல் மாஸ்கோப் பதிப்பகம் ஒன்று, இத்தாலியத் திரைப்பட இயக்குநர் பசோலினியின் வாழ்க்கை வரலாற்றை மொழிபெயர்த்து வெளியிட்டது. அவர் தன்பாலினக் காதல் பற்றிய பகுதிகள் சட்டத்துக்கு மாறாகும் என்று அஞ்சி, ஏறத்தாழ எழுபது பக்க அளவுக்கு உரையைக் கறுப்புப் பட்டைகளால் மறைத்து அச்சிட்டது. கிளாவ்லித் காலத்தில் இவ்வாறு நேர்ந்திராது. அவர்கள் தழும்பையும் மறைப்பர். இங்கே தழும்பு தெரிய விடப்பட்டுள்ளது. மறைத்த வரிகள் எத்தனை, எப்பத்தியின் நடுவே, எவ்வளவு நீளம் என்பன அளக்கத்தக்கவாறு உள்ளன. மூலநூல் இத்தாலிய மொழியில் முழுதும் கிடைக்கின்றது. இரண்டையும் ஒப்புநோக்குவார்க்குத் தடையொன்றும் இல்லை.